சீட்டுக்கட்டோடு கதை சொல்லப் போகிறவர்களுக்கு

மேடையில் மேஜிக் செய்துகொண்டே சினிமாவுக்குத் திரைக்கதையும் எழுத ஆசைப்படுகிறவர்களுக்காக இது. முதலில் ஒரு எச்சரிக்கை. தயாரிப்பாளரிடம் கதை சொல்லப் போகிற அன்று பையில் சீட்டுக்கட்டு இருக்கவே கூடாது. நாணயம், மோதிரம், ரப்பர் பேண்டுகூட வேண்டாம். இருந்தால் நம் கை சும்மா இருக்காது. மேஜிக் செய்கிறவர் என்று தெரிந்துவிட்டால், "ஒண்ணு பண்ணிக் காட்டுங்களேன்" என்று கேட்காமல் விடுகிறவரும் கிடையாது.

முதன்முதலாகக் கதை சொல்லப் போனபோது நான் பண்ணிக் காட்டினேன். தயாரிப்பாளர் கையெழுத்துப் போட்ட சீட்டு அவருடைய மூக்குக் கண்ணாடிக் கூட்டுக்குள்ளிருந்து வந்தது. அறையே கைதட்டியது. பக்கத்து அறையில் இருந்தவர்களைக் கூப்பிட்டார்கள், அவர்களுக்காக இன்னொன்று. கணக்கு எழுதுகிறவர் எட்டிப் பார்த்தார், அவருக்காக இன்னொன்று. எனக்கு ஒதுக்கியிருந்தது ஒன்றரை மணி நேரம். அதில் முக்கால் மணி நேரம் இப்படியே போனது. கதையை இடைவேளை வரைக்கும்கூடச் சொல்ல முடியவில்லை. கிளம்பும்போது, "கதை நல்லா இருக்கு சார். ஆனா எங்க படத்துல ஒரு பார்ட்டி சீன் வருது. ஹீரோவுக்கு நீங்க மேஜிக் சொல்லிக் குடுத்தா பிரமாதமா இருக்கும்" என்றார்கள். சொல்லிக் கொடுத்தேன். அந்த சீன் எடிட்டிங்கில் போய்விட்டது, டைட்டிலில் என் பெயரும் வரவில்லை. அந்த அலுவலகத்துக்கு இன்றுவரை நான் 'மேஜிக் சார்'தான். எழுத்தாளர் இல்லை.

ஆலோசகர் வேலையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ரிக்கி ஜே என்ற சீட்டு வித்தகரை எடுத்துக்கொள்ளுங்கள். அவரும் அவருடைய கூட்டாளியும் சேர்ந்து சினிமாக்காரர்களுக்கு ஏமாற்று வித்தைகளில் ஆலோசனை சொல்வதற்கென்றே ஒரு நிறுவனம் நடத்தினார்கள். 1994இல் வந்த 'ஃபாரஸ்ட் கம்ப்' படத்தில் இரண்டு கால்களையும் இழந்த ராணுவ அதிகாரி உட்கார்ந்திருக்கும் சக்கர நாற்காலி, நடிகரின் நிஜக் கால்களை ஒளித்துவைப்பதற்காக அவர்கள் வடிவமைத்துக் கொடுத்தது. அது முழுநேரப் பிழைப்பு, மரியாதையான பிழைப்பு. ஆனால் உங்களுக்கு எழுதத்தான் ஆசை என்றால், முதல் சந்திப்பில் எந்த வேஷத்தோடு உள்ளே போகிறீர்களோ அந்த வேஷம்தான் ஒட்டிக்கொள்ளும்.

பன்னிரண்டு நிமிடம்

மேடை, எழுத்து இரண்டில் எதை முதலில் தொடங்குவது என்று கேட்டால், தயங்காமல் மேடை என்பேன். எழுத்தில் தப்பு செய்தால் ஆறு மாதம் கழித்துத்தான் தெரியும். சமயத்தில் தெரியவே தெரியாது. மேடையில் அரை விநாடியில் தெரிந்துவிடும். இருமல் கேட்கும்.

நூறு வித்தை கற்றுக்கொள்ளாதீர்கள். நான்கு போதும். பன்னிரண்டு நிமிடத்துக்கு ஒரு நிகழ்ச்சி கட்டுங்கள். மேஜை வித்தைகளை விட்டுவிட்டு, முப்பது பேருக்கு முன்னால் நின்றுகொண்டு செய்யக்கூடியதாக எடுங்கள். மேஜை வித்தையில் ஒருத்தர் முகத்தைப் பார்த்தே ஓட்டிவிடலாம். முப்பது பேர் என்றால் கடைசி வரிசையில் இருப்பவருக்கு என்ன தெரிகிறது, என்ன கேட்கிறது என்று யோசித்தாக வேண்டும். திரைக்கதைக்குத் தேவைப்படும் பழக்கம் அது.

அந்தப் பன்னிரண்டு நிமிடத்தை ஐம்பது தடவையாவது வெவ்வேறு ஆட்கள் முன்னால் செய்யுங்கள். ஒவ்வொரு தடவையும் வியர்வை காய்வதற்குள் நோட்டில் எழுதிவிட வேண்டும். என் நோட்டில் ஒரு பக்கத்துக்கு மூன்று கட்டம்: நான் என்ன சொன்னேன், அவர்கள் எங்கே பார்த்தார்கள், எந்த இடத்தில் நழுவினார்கள். உதவிக்கு என் தம்பி வருவான். அவன் மேடையைப் பார்க்கவே மாட்டான்; ஓரத்தில் நின்று ஜனங்களைத்தான் பார்ப்பான். "அண்ணே, கயிறை வெட்டும்போது பாதிப் பேர் போனை எடுத்துட்டாங்க" என்று ஒருநாள் சொன்னான். கயிறு வித்தை எனக்கு உயிர். மூன்று வருடம் பழகியது. ஆனாலும் எடுத்துவிட்டேன். எடிட்டிங் என்றால் என்ன என்று எனக்கு அன்றைக்குத்தான் புரிந்தது. அதற்கு முன்னால் படித்ததெல்லாம் படித்ததோடு சரி.

பேசுகிற ஒவ்வொரு வரியையும் வசனம் மாதிரி எழுதி வையுங்கள். எழுதினால்தான் அதில் எத்தனை வரி சும்மா தொங்குகிறது என்று தெரியும். "இதோ, இது ஒரு சாதாரண சீட்டுக்கட்டு" என்று நான் ரொம்ப நாள் சொல்லிக்கொண்டிருந்தேன். யாராவது கேட்டார்களா? சாதாரணம் என்று சொன்னதும்தான் சந்தேகமே வருகிறது. சினிமாவிலும் ஒரு பாத்திரம் வந்து "நான் பொய்யே பேச மாட்டேன்" என்று சொன்னால் கதை அந்த இடத்திலேயே நாறிவிடும். அந்த வரியை எடுத்துவிட்டு, சீட்டுக்கட்டைப் பார்வையாளர் ஒருவர் கையில் கொடுத்து "கொஞ்சம் பிடிச்சிக்கங்க, சட்டைக் கையை மடிச்சுக்கறேன்" என்றேன். அவர் கையில் இருக்கிற கட்டை அவரே சந்தேகப்பட மாட்டார்.

நவீன மேஜிக்கின் தந்தை என்று சொல்லப்படும் ராபர்ட்-ஹூதான், மேஜிக் செய்பவன் என்பவன் வித்தைக்காரனாக வேஷம் போடும் நடிகன் என்று 19ஆம் நூற்றாண்டிலேயே எழுதிவிட்டார். அதைப் பாதிப் பேர் நடை உடை பாவனை என்று எடுத்துக்கொண்டு கோட்டு தைக்கப் போகிறார்கள். நான் அதை வேறு மாதிரி எடுத்துக்கொள்கிறேன். நடிகன் என்றால் அவனுக்கு ஒரு பாத்திரம் வேண்டும், அந்தப் பாத்திரத்துக்கு ஒரு தேவை வேண்டும். மேடையில் நிற்கும் இந்த ஆளுக்கு இந்த நாணயம் ஏன் மறைய வேண்டும்? இதற்குப் பதில் எழுதிப் பாருங்கள். பதில் கிடைத்த அன்று திரைக்கதையின் முதல் பாடம் முடிந்தது.

ஒரு நாணயமும் ஒரு கைக்கடிகாரமும்

இது எல்லா ஆரம்பப் புத்தகத்திலும் முதல் அத்தியாயத்தில் இருப்பதுதான், அதனால் சக வித்தைக்காரர்கள் என்னை வைய வேண்டாம். வலது கையில் இருக்கும் நாணயத்தை இடது கைக்கு மாற்றுவது போல் மாற்றி, வலது கையிலேயே வைத்துக்கொள்வது. புதிதாகப் பழகுகிறவர்கள் எல்லோரும் விரலைத்தான் பார்ப்பார்கள்: நாணயம் உள்ளங்கையில் சரியாக உட்கார்ந்ததா, இடுக்கு தெரிகிறதா. கண்ணாடி முன்னால் மாதக்கணக்கில் நிற்பார்கள். மேடைக்கு வந்தால் மாட்டிக்கொள்வார்கள், ஏனென்றால் அவர்கள் கண் வலது கையை விட்டுப் போகாது. திருடன் தன் பையைத்தான் தடவிப் பார்ப்பான்.

செய்ய வேண்டியது இவ்வளவுதான். இடது கை மூடும்போது உங்கள் பார்வையும் அதோடு போக வேண்டும். நாணயம் அங்கேதான் இருக்கிறது என்று நீங்களே நம்ப வேண்டும். வலது கை செத்த கை மாதிரி பக்கவாட்டில் இறங்கட்டும். அவசரப்படாதீர்கள். பிறகு எதிரே இருப்பவரை நிமிர்ந்து பார்த்து ஏதாவது ஒரு கேள்வி கேளுங்கள். "உங்களுக்கு இடது கைப் பழக்கமா?" கேள்வி கேட்டதும் அவரும் உங்கள் முகத்தைப் பார்ப்பார். பதில் சொல்வதற்காக ஒரு விநாடி யோசிப்பார். அந்த ஒரு விநாடிக்கு உங்கள் இரண்டு கையும் உங்கள் சொந்தச் சொத்து.

கவனத்தைத் திருப்புவது என்றால் அந்தப் பக்கம் கை காட்டுவது என்று பலர் நினைக்கிறார்கள். கையைக் காட்டினால் மனுஷன் கையைத்தான் சந்தேகப்படுவான். பார்க்கிறவர் மனதில் வேறொரு கேள்வியை வைக்க வேண்டும், அதுவும் இப்போதே பதில் வேண்டும் என்கிற மாதிரிக் கேள்வியாக.

இதைத் தாளில் எப்படிச் செய்வது? நான் எழுதிய ஒரு கதையில் ஓர் ஆளின் கைக்கடிகாரம் காணாமல் போகிறது. அது நாற்பது பக்கம் கழித்துப் பிணத்துக்குப் பக்கத்தில் கிடைக்கும். ஆக, அவன் கையில் கடிகாரம் இல்லை என்பதை முன்பே காட்டியிருக்க வேண்டும், ஆனால் யாரும் கவனித்திருக்கக் கூடாது. முதல் பிரதியில், அவன் வீட்டுக்கு வந்து மணிக்கட்டைத் தடவிப் பார்த்துத் திடுக்கிடுவதாக எழுதினேன். குளோசப். வாசலில் போர்டு எழுதி மாட்டியது போல இருந்தது. படித்த உதவி இயக்குநர், "சார், வாட்ச் கொலை நடந்த இடத்துல கிடைக்கும், அதானே?" என்றார்.

இரண்டாம் பிரதியில் இப்படி மாற்றினேன். அவன் கதவைத் திறந்துகொண்டு வருகிறான். மனைவி தூங்காமல் உட்கார்ந்திருக்கிறாள். "மணி என்ன?" என்று கேட்கிறாள். அவன் வெறும் மணிக்கட்டைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "ஒம்போது இருக்கும்" என்கிறான். "பன்னெண்டரை" என்கிறாள். அதற்கப்புறம் சண்டை. எங்கே போனாய், யாரோடு போனாய், நேற்றும் இப்படித்தானே. பார்க்கிறவர்களுக்கு அவன் பொய் சொல்கிறானா இல்லையா என்பதுதான் கேள்வி. வெறும் மணிக்கட்டை எல்லோரும் பார்த்தார்கள், ஒருவரும் கவனிக்கவில்லை. பின்னால் கடிகாரம் கிடைக்கும்போது அவர்களுக்கே ஞாபகம் வரும், நாம் எதையும் திரும்பக் காட்ட வேண்டியதில்லை.

"உங்களுக்கு இடது கைப் பழக்கமா?" என்பதும் "மணி என்ன?" என்பதும் ஒரே வேலையைச் செய்கிற வரிகள். என் இரண்டு தொழிலும் ஒட்டிக்கொண்டிருப்பது இந்த ஓர் இடத்தில்தான் என்று நினைக்கிறேன். மற்ற எல்லாவற்றிலும் ஒன்றுக்கொன்று எதிரி.

கேமரா வந்த பிறகு

என்ன எதிரி என்று கேட்கலாம். 1886இல் புவாத்தியே த கோல்டா என்ற வித்தைக்காரர் பாரிஸ் மேடையில் ஒரு பெண்ணை மறையச் செய்தார். தரையில் ஒரு செய்தித்தாளை விரித்து, அதன்மேல் நாற்காலி போட்டு, அவளை உட்காரவைத்து, பட்டுத் துணியால் மூடி எடுத்தால் ஆள் இல்லை. தரைக் கதவு இருக்குமோ என்று நினைப்பவர்கள் வாயை அடைப்பதற்குத்தான் அந்தச் செய்தித்தாள். ஒரு தாளுக்குப் பின்னால் எவ்வளவு யோசனை பாருங்கள்.

ஜார்ஜ் மெலியேவும் நம் ஆள்தான். ராபர்ட்-ஹூதானின் பெயரில் இருந்த அரங்கத்தையே 1888இல் விலைக்கு வாங்கி நடத்தியவர். 1895 டிசம்பர் 28 அன்று சினிமா முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் படம் காட்டியபோது அங்கே உட்கார்ந்திருந்தார். அடுத்த வருடமே அந்த மறையும் பெண் வித்தையைப் படமாக எடுத்தார். கேமராவை நிறுத்து, அந்த அம்மாவை எழுந்து போகச் சொல், கேமராவை ஓட்டு. முடிந்தது. போதாததற்கு அவள் இடத்தில் ஓர் எலும்புக்கூட்டையும் உட்காரவைத்தார். தரைக் கதவும் வேண்டாம், பழக்கமும் வேண்டாம்.

அன்றிலிருந்து திரையில் எது மறைந்தாலும் ஜனங்கள் "கட் பண்ணிட்டான்" என்றுதான் நினைப்பார்கள். இப்போது "கிராபிக்ஸ்" என்கிறார்கள், அவ்வளவுதான் மாற்றம். ஆகவே திரைக்கதையில் வித்தையை எழுதாதீர்கள். வித்தைக்காரர்கள் எழுதும் முதல் திரைக்கதையில் இருபது பக்கம் வித்தை வர்ணனை இருக்கும்; என்னுடையதில் இருபத்தாறு. தாளில் படிக்கும்போது ஆச்சரியமாக இருக்கும், திரையில் ஒன்றுமே இல்லாமல் போகும்.

அப்படியானால் எதை எழுதுவது? வித்தை சீன் வந்தால் நான் மூன்று கேள்வி கேட்டுக்கொள்வேன். இது பலிக்க வேண்டும் என்று யாருக்கு அவசரம்? மாட்டிக்கொண்டால் அவனுக்கு என்ன போகும்? மேடைக்கு எதிரே உட்கார்ந்திருப்பவர்களுக்குத் தெரியாதது எது தியேட்டரில் உட்கார்ந்திருப்பவர்களுக்குத் தெரியும்? மூன்றாவதுதான் முக்கியம். மேடையில் நாம் ரகசியத்தை மறைத்தால்தான் வியப்பு. சினிமாவில் ரகசியத்தை முன்னாலேயே சொல்லிவிட்டால்தான் பதைபதைப்பு. மேஜைக்கு அடியில் குண்டு இருப்பதைப் பார்வையாளருக்கு முதலிலேயே காட்டிவிட வேண்டும் என்று இயக்குநர் ஹிட்ச்காக் சொன்னது வித்தை சீனுக்கு அப்படியே பொருந்தும். சட்டைக் கைக்குள் புறா இருக்கிறது என்று காட்டுங்கள். புறா நெளிகிறது. அவனோ போலீஸ்காரரோடு கை குலுக்க வேண்டும். இப்போது வித்தையே செய்ய வேண்டாம், சீன் ஓடும்.

நிஜமாகவே கை வித்தை காட்டத்தான் வேண்டும் என்றால் அதை ஒரே ஷாட்டில் எடுக்கிற மாதிரி எழுதுங்கள், 'கட் இல்லாமல்' என்று அடிக்கோடு போட்டு. எழுதும் முன் இன்னொன்றையும் யோசியுங்கள்: நடிகருக்கு இரண்டு வாரம்தான் கிடைக்கும். நீங்கள் ஐந்து வருடம் பழகியதை அவர் தலையில் கட்டாதீர்கள். ஒரு சீட்டை விரலிடுக்கில் உருட்டுவது, நாணயத்தை விரல் முட்டிகளின் மேல் நடக்க விடுவது மாதிரி ஒன்றைக் கொடுத்தால் போதும். மீதியை அவர் முகம் செய்யும். கை மட்டும் தெரியும் ஷாட்டுக்கு உங்கள் கையையே கேட்பார்கள். கொடுங்கள், ஆனால் நகத்தை ஒழுங்காக வெட்டிக்கொண்டு போங்கள். பெரிய திரையில் நகம் ஒரு தட்டு அளவுக்கு இருக்கும்.

ஒளிக்கிற வியாதி

இது நம் ஆட்களுக்கு மட்டும் வருகிற வியாதி. பத்துப் பதினைந்து வருடம் மறைத்தே பழகிய கை, கதையிலும் எல்லாவற்றையும் மறைக்கும். நாயகன் யார் என்று மறைப்போம், அவனுக்கு என்ன வேண்டும் என்று மறைப்போம், அவள் ஏன் அழுகிறாள் என்று மறைப்போம். கடைசி பத்துப் பக்கத்தில் எல்லாவற்றையும் தொப்பிக்குள்ளிருந்து எடுத்துக் காட்டினால் கைதட்டுவார்கள் என்று நினைப்போம். அதுவரைக்கும் படிக்கிற ஆள் இருக்க வேண்டுமே!

என் இரண்டாவது திரைக்கதையைப் படித்த ஒரு மூத்த இயக்குநர், "தம்பி, நீ எல்லாத்தையும் ஒளிச்சு வெச்சுட்ட. நான் எதுக்காகக் கவலைப்படணும்னு ஒரு இடத்துலகூடச் சொல்லலியே" என்றார். கோபம் வந்தது. வீட்டுக்கு வந்து பார்த்தால் உண்மைதான். மேடையில்கூட நான் எதையும் ஒளிப்பதற்கு முன்னால் ஒன்றைத் தெளிவாகக் காட்டியிருப்பேன்: இதோ நாணயம், இதோ கை. காட்டாத ஒன்றை மறைக்கவே முடியாது. அதைக் கதையில் மட்டும் மறந்துபோயிருந்தேன்.

இதற்கு நான் கண்டுபிடித்த வைத்தியம் இது. கதை முழுவதிலும் ஒளிக்க ஒரே ஒரு விஷயத்துக்குத்தான் அனுமதி. அதை ஒரு சின்னத் தாளில் எழுதி மேஜையில் ஒட்டிவைப்பேன். மற்றதெல்லாம் கூடிய சீக்கிரம், முடிந்தால் முதல் பதினைந்து பக்கத்துக்குள், வெளியே வந்துவிட வேண்டும். பக்கம் என்று சொல்வது வழக்கமான திரைக்கதை வடிவத்தில், கூரியர் எழுத்துரு 12 அளவில். அந்தக் கணக்கில் ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடம். மேடையில் நேரம் பார்த்துப் பழகியவர்களுக்கு இந்தக் கணக்கு ஒரே நாளில் பிடிபட்டுவிடும்.

தாள் வேலை

எல்லோரும் தாண்டிப் போகும் பகுதி இது, அதனால் இங்கேதான் அடி விழும்.

ஒரு வித்தையின் யுக்திக்குக் காப்புரிமை (காப்பிரைட்) கிடைப்பது கஷ்டம். கருத்துக்குக் காப்புரிமை இல்லை, அதை வெளிப்படுத்திய விதத்துக்குத்தான் உண்டு. இதை உருப்படியாகப் பயன்படுத்தியவர் டெல்லர், பென் அண்ட் டெல்லர் என்ற அமெரிக்க மேஜிக் ஜோடியில் பேசாதவர். சுவரில் விழும் பூவின் நிழலைக் கத்தியால் வெட்ட, நிஜப் பூவின் இதழ்கள் உதிரும் அவருடைய வித்தையை 1983இல் அமெரிக்காவில் ஒரு மௌன நாடகமாக எழுதிப் பதிவு செய்திருந்தார். பல வருடம் கழித்து ஐரோப்பாவில் ஒருவர் அதே மாதிரிச் செய்து, ரகசியத்தை விலைக்குத் தருவதாக இணையத்தில் வீடியோ போட்டார். டெல்லர் வழக்குப் போட்டார். 2014இல் நீதிமன்றம் டெல்லர் பக்கம் தீர்ப்பளித்தது. வித்தை என்று எழுதாமல் நாடகம் என்று எழுதியதுதான் அவரைக் காப்பாற்றியது. உங்கள் பன்னிரண்டு நிமிடத்தையும் அசைவு, வசனம், ஒளி எல்லாவற்றோடும் நாடகமாக எழுதித் தேதியோடு வையுங்கள். எழுதத் தெரிந்த வித்தைக்காரருக்கு இது ஒரு நாள் வேலை.

திரைக்கதை என்றால், யாரிடமும் சொல்வதற்கு முன்னால் எழுத்தாளர் சங்கத்திலோ காப்புரிமை அலுவலகத்திலோ பதிவு செய்துவிடுங்கள். பழைய பிரதிகளை அழிக்காதீர்கள். ஒப்பந்தத்தில் கதை, திரைக்கதை, வசனம், மேஜிக் வடிவமைப்பு ஒவ்வொன்றும் தனித்தனி வேலை, தனித்தனிச் சம்பளம், டைட்டிலில் தனித்தனி வரி என்று எழுதி வாங்குங்கள். இல்லையென்றால் எழுத்தாளர் சம்பளத்தில் மேஜிக் இலவசமாகப் போய்விடும், அல்லது நேர்மாறாக. பணத்தைத் தவணையாகப் பிரித்து, ஒவ்வொரு தவணையையும் நீங்கள் கொடுக்கும் தாளோடு கட்டுங்கள்: கதைச் சுருக்கம் கொடுத்தால் இவ்வளவு, முதல் பிரதிக்கு இவ்வளவு, திருத்தத்துக்கு இவ்வளவு. 'படம் தொடங்கும்போது', 'படம் வெளியாகும்போது' என்று கட்டினால் அந்த நாள் வராமலே போகலாம்.

மேஜிக்காரர்களுக்கு மட்டும் உரிய இரண்டு கொக்கி உண்டு. ஒன்று, நீங்கள் கடையில் வாங்கிய வித்தை. அதை மேடையில் செய்யத்தான் பெரும்பாலும் அனுமதி இருக்கும். தொலைக்காட்சிக்கும் சினிமாவுக்கும் உரிமையை உருவாக்கியவர் தன்னிடமே வைத்திருப்பார். திரைக்கதையில் எழுதும் முன் அவரிடம் எழுத்தில் கேளுங்கள். இரண்டு, மேக்கிங் வீடியோ. வித்தை எடுக்கிற அன்று மேக்கிங் கேமரா அந்தப் பக்கமே வரக்கூடாது என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி இருக்கட்டும். என் நண்பர் ஒருவர் நான்கு வருடம் பாதுகாத்த யுக்தி, படத்துக்கு விளம்பரமாக இரண்டு நிமிட வீடியோவில் ஓடியது. யாரும் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. யாரும் அவர்களிடம் சொல்லியிருக்கவில்லை, அவ்வளவுதான்.

நாளும் கையும்

மேடை நிகழ்ச்சிகள் வார இறுதியிலும் விடுமுறையிலும் வரும், தேதியோடு வரும், முன்பணத்தோடு வரும். கதை விவாதத்துக்குத் தேதியே கிடையாது. "ஒரு வாரம் உட்காருவோம் சார்" என்று தொடங்கினால் மூன்று மாதம். உட்கார்ந்துகொண்டே இருப்போம். நன்றாகத்தான் இருக்கும்: பேச்சு, சிரிப்பு, மறுபடி பேச்சு.

அப்படி மூன்று மாதம் உட்கார்ந்துவிட்டு ஒரு குழந்தைகள் நிகழ்ச்சிக்குப் போனேன். சீட்டை விசிறியாக விரிக்கும்போது கட்டைவிரல் மறந்துபோயிருந்தது. ஐம்பத்திரண்டும் தரையில். நான் குனிவதற்குள் முன்வரிசையில் இருந்த ஒரு ஏழு வயசுப் பெண் ஓடி வந்து பொறுக்கிக் கொடுத்தாள். கொடுத்துவிட்டு, மைக்கில் விழுகிற மாதிரி, "அங்கிள், இதுல ஒம்போது எல்லாம் ஒரே மாதிரி இருக்கு" என்றாள். தம்பி ஓரத்தில் திரும்பி நின்றுகொண்டான். தோள் குலுங்கியது.

அதற்குப் பிறகு வைத்துக்கொண்ட ஏற்பாடு இது. எழுத்து விடியற்காலையில், மூன்று மணி நேரம், அதற்கு மேல் இல்லை. கை சாயங்காலம், நாற்பது நிமிடம், விவாதம் நடந்தாலும் எழுந்து வந்துவிடுவேன். முதலில் முகம் சுளிப்பார்கள், பிறகு பழகிவிடுவார்கள். விவாதத்துக்கு ஒப்புக்கொள்ளும் முன்பே நிகழ்ச்சித் தேதிகளைத் தாளில் கொடுத்துவிடுவேன். மாதத்துக்கு இரண்டு மேடையாவது இல்லாமல் இருப்பதில்லை. பணத்துக்காக மட்டும் இல்லை. மேடைக்குப் போகாத மாதத்தில் நான் எழுதும் வசனம் நீளமாகிவிடுகிறது. எதிரே இருமுவதற்கு ஆள் இல்லை.

படப்பிடிப்புத் தளத்தில் சீட்டுக்கட்டை எடுக்கலாமா என்று கேட்பார்கள். எடுக்கலாம். ஒப்பந்தம் கையெழுத்தாகி, முதல் பிரதியும் கொடுத்து, பணமும் வந்த பிறகு. ஆனால் இயக்குநருக்கும் நடிகர்களுக்கும் காட்டாதீர்கள், அவர்கள் மரியாதைக்காகவே கைதட்டுவார்கள். லைட்மேன்களிடம் காட்டுங்கள். அவர்கள் உயரத்தில் ஏறி நிற்பவர்கள், எந்தத் தியேட்டரிலும் கிடைக்காத கோணத்திலிருந்து உள்ளங்கையைப் பார்ப்பார்கள். சந்தேகம் வந்தால் வெளிச்சத்தைத் திருப்பியே அடிப்பார்கள். அவர்களிடம் மூன்று நாள் பிடிபடாத வித்தை என்றால், நான் அதை அடுத்த நிகழ்ச்சியிலேயே சேர்த்துவிடுவேன்.